பட்டர் போடாத பிஸ்கோத்தி

மகன்,

நீயும் தர்ஷிகாவும் பலெர்மோவில் போய் இறங்கிய செய்தி கிடைத்தது. அங்கே நல்ல வெயில் என்று எழுதியிருந்தாய். இங்கே வெள்ளவத்தையில் காலையில் தொடங்கிய மழை இன்னும் விடவில்லை. பல்கனியில் காயப்போட்ட உடுப்பெல்லாம் இப்போது உன் அறைக் கட்டிலில் கிடக்கிறது. இதையெல்லாம் போனில் சொல்லலாமே என்று நீ கேட்பாய். சொல்லலாம்தான். ஆனால் நான் போனை எடுத்து இரண்டு வார்த்தை கதைப்பதற்குள் உன் அம்மா வந்து, "இஞ்ச தாங்கோ, நீங்கள் பிறகு கதையுங்கோ" என்று பறித்துவிடுகிறாள். அந்தப் "பிறகு" ஒருநாளும் வருவதில்லை. வீடியோவில் உன் முகத்தைக் கண்டாலோ சொல்ல வந்த விஷயம் மறந்துபோகிறது. அதனால்தான் பேனையை எடுத்தேன். தர்ஷிகாவின் மாமா அடுத்த மாதம் அங்கே திரும்புகிறார். உனக்கென்று அம்மா வறுத்து இடித்த மிளகாய்த்தூளோடு இந்தக் கடிதத்தையும் அவர் கையில் கொடுத்துவிடப் போகிறேன். மிளகாய் மணந்தால் என்னைக் குறை சொல்லாதே.

புதிதாகக் கல்யாணம் கட்டிய மகனுக்குத் தகப்பன் எழுதுகிற கடிதத்தில் பெரிய பெரிய புத்திமதிகள் இருக்க வேண்டும் என்று எனக்கும் தெரியும். அவற்றையெல்லாம் உன் கல்யாண மண்டபத்தில் மைக்கைப் பிடித்தவர்கள் சொல்லி முடித்துவிட்டார்கள். பசியோடு இருந்த சனம் எப்போது பந்தி போடுவார்கள் என்று பார்த்துக்கொண்டிருந்தது. எனக்குத் தெரிந்தது சாப்பாடு ஒன்றுதான். ஆகவே நான் உனக்கு ஒரு விசுக்கோத்தைப் பற்றி எழுதப் போகிறேன். நீ இந்த வீட்டு அடுப்படியில் நின்று செய்தாயே, பட்டர் போடாத சொக்லேற் பிஸ்கோத்தி, அதைப் பற்றித்தான். அதற்கு நான் உனக்கு இன்னும் ஒழுங்காக நன்றி சொல்லவில்லை. தகப்பன்மார் மகன்மாருக்கு நன்றி சொல்லுகிற வழக்கம் எங்கள் வீடுகளில் இல்லை. இந்த மழை நாளிலாவது அந்த வழக்கத்தை மாற்றிப் பார்ப்போம்.

நீ பிறப்பதற்கு முன்பிருந்தே உன் அம்மா இந்த பிளாட்டில் ஓடருக்குக் கேக் அடித்துக் கொடுத்து வருகிறாள். எங்கள் லேனில் அவளுடைய பெயர் அரைவாசிப் பேருக்குத் தெரியாது, "கேக் அன்ரி" என்றால் பக்கத்து லேனிலும் தெரியும். பட்டர் விஷயத்தில் அவள் கை சுருக்கியதே இல்லை. கேக் ஆறியதும் ஐசிங் பூசுவதற்கு முன் அதன் மேட்டையும் விளிம்பையும் நேராக வெட்டி எடுப்பாள் அல்லவா, அந்த வெட்டுத் துண்டுகளை நீலப்பூப் போட்ட சின்னத் தட்டில் வைத்து இன்னொரு தட்டால் மூடி விடுவாள். அது எனக்கு. கோட்டையில் கப்பல் கொம்பனிக் கந்தோரில் வேலை முடித்து, ரயிலில் தொங்கி வந்து, கடற்கரைப் பக்கமாக நடந்து மூன்று மாடியும் ஏறினால் அந்தத் தட்டு மேசையில் இருக்கும். நீ சின்னவனாக இருந்தபோது ஒருநாள் அதில் கைவைத்துவிட்டு, "அது அப்பான்ரை!" என்று வாங்கிய அடி உனக்கு நினைவிருக்கும். எங்கள் காலத்தில் பெண்சாதி புருசனிடம் அன்பாக ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் யாருக்கும் கேட்டிருக்குமோ என்று பயப்படுவாள். உன் அம்மா ஒன்றும் சொல்லவில்லை, தட்டை வைத்தாள். நானும் ஒன்றும் சொல்லவில்லை, தின்றேன். அது ஏதோ சம்பளத்தோடு வருகிற அலவன்ஸ் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

பிறகு என் நெஞ்சு காட்டிய கூத்து உனக்குத் தெரியும். பம்பலப்பிட்டியில் பஸ்ஸை நிறுத்தி, கொண்டக்டர் என்னை முச்சக்கரவண்டியில் ஏற்றிவிட்ட கதையை நான் சொல்லாத ஆளில்லை. ஆஸ்பத்திரியில் ஸ்டென்ட் வைத்தார்கள். சீனி வருத்தமும் இருப்பது அங்கேதான் பிடிபட்டது. உன் வயதுகூட இருக்காத டொக்டர் பிள்ளை ஒன்று கட்டில் ஓரத்தில் நின்று, "ஐயா, பட்டரையும் சீனியையும் இனி மறந்திடுங்கோ" என்று சிரித்துக்கொண்டே சொன்னது. நானும் சிரித்தேன். உன் அம்மா மட்டும் சிரிக்கவில்லை. ஏதோ தன்னைத்தான் குற்றவாளி என்று தீர்த்துவிட்டார்கள் என்ற மாதிரி, கையிலிருந்த பிளாஸ்க்கை இறுக்கிப் பிடித்தபடி நின்றாள். வீட்டுக்கு வந்த பிறகும் கேக் ஓடர்கள் வந்தன, மணம் வந்தது, மேட்டை வெட்டுகிற சத்தமும் கேட்டது. தட்டு மட்டும் மேசைக்கு வரவில்லை.

உனக்கு இந்த மணத்தின் கொடுமை விளங்காது. காலை பத்து மணிக்கு வீடு முழுக்க வனிலாவும் பட்டரும் மணக்கும்போது, எனக்கு முன்னால் ஒரு கோப்பையில் கஞ்சி. கிரிக்கெற் பார்க்கலாம் என்றால் மணம் அங்கேயும் வருகிறது. வெட்டுத் துண்டுகள் அலுமினியப் பேப்பரில் சுற்றிக் கீழ்வீட்டு ரீச்சருக்குப் போயின. அந்த மனுசி முன்பெல்லாம் வருடத்துக்கு ஒருக்கால் படியேறி வந்தால் அதிசயம். இப்போது கேக் அடிக்கிற நாளெல்லாம் எங்கள் அடுப்படியில் நின்றாள். என் சொத்தைத் தின்ன வருகிறாள் என்று எனக்கு அவளைக் கண்டாலே எரிச்சல். உன்னிடமும் ஒருநாள் சொன்னேன். நீ அப்போது என்னை ஒரு மாதிரிப் பார்த்தாய். அந்தப் பார்வை ஏன் என்று அன்றைக்கு எனக்குத் தெரியவில்லை.

காப்பான் பெரியவனா, கள்ளன் பெரியவனா என்று கேட்பார்கள். எங்கள் வீட்டில் காப்பாள்தான் பெரியவள், ஆனால் கள்ளன் விடவில்லை. டொக்டர் நடக்கச் சொன்னதை நான் பிடித்துக்கொண்டேன். பின்னேரத்தில் சப்பாத்துப் போட்டுக்கொண்டு பாமன்கடைப் பக்கம் நடப்பேன். அங்கே ஒரு பேக்கரியில் கிம்புலா பனிஸ் சூடாக இறங்குகிற நேரம் எனக்குத் தெரியும். நீளமாக முதலை மாதிரி, மேலே சீனி பொருபொருவென்று. ஒன்றைத் தின்றுவிட்டு வாயைத் துடைத்து, வியர்வையோடு வீட்டுக்கு வந்தால் அம்மா சந்தோசமாகத் துவாய் எடுத்துத் தருவாள். நல்லாத்தான் போய்க்கொண்டிருந்தது. ஒருநாள் அவள் பாண் வாங்க அதே கடைக்குப் போனாள். வழியில் என்னைக் கண்டுவிட்டதால் நானும் தப்ப முடியாமல் கூடப் போய் நின்றேன். முதலாளி என்னைக் கண்டதும் பல் முப்பத்திரண்டும் தெரியச் சிரித்து, "மாத்தயா ஹெமதாம எனவனே!" என்றான். ஐயா ஒவ்வொரு நாளும் வருகிறவர்தானே என்று சொல்லி, நான் கேளாமலே ஒரு பனிஸைப் பேப்பரில் சுற்றி நீட்டினான். உன் அம்மாவின் சிங்களம் என் சிங்களத்தைவிடத் திறம் என்பது உனக்குத் தெரியும்.

வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திய பிறகுதான் அவள் என் பக்கம் திரும்பினாள். "நான் ஆருக்காக இப்பிடிக் கிடந்து சாகிறன்?" என்றாள். எனக்கும் கோபம் வந்துவிட்டது. பிடிபட்டவனுக்குத்தானே கோபம் கூட. "இனிப்பில்லாமல் நூறு வயசு மட்டும் கிடந்து என்னத்தைக் காணப் போறன்? போறது போகட்டும், விடும்" என்று கத்தினேன். அன்றிரவு மருந்துப் பெட்டியையும் தள்ளி வைத்துவிட்டேன். வீம்புதான். அதற்குப் பிறகு அவள் என்னோடு சண்டை பிடிக்கவில்லை. சண்டை பிடித்திருந்தால் நல்லாயிருந்திருக்கும். பின்னேரத் தேத்தண்ணீரை மேசையில் கொண்டுவந்து வைத்துவிட்டு, தன்னுடைய கோப்பையை எடுத்துக்கொண்டு அடுப்படிக்குப் போய்விடுவாள். கல்யாணம் கட்டிய நாளிலிருந்து அந்த நாலு மணித் தேத்தண்ணீரை நாங்கள் தனித்தனியாகக் குடித்ததில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் அவள் கோப்பையை வைக்கிற சத்தம் எனக்குக் கேட்கும். நீ வேலையால் வந்து, இரண்டு இடத்திலும் இரண்டு கோப்பை காய்ந்து கிடப்பதைக் கண்டிருப்பாய்.

அந்த நேரத்தில்தான் உன் கல்யாணப் பேச்சு வந்தது. தர்ஷிகாவின் தாயும் தகப்பனும் பலெர்மோவிலிருந்து வந்து, இரத்மலானையில் சொந்தக்காரர் வீட்டில் தங்கி, எங்களைப் பார்க்க வந்த நாளை நினைத்தால் எனக்கு இன்னும் சிரிப்பு வருகிறது. வெளிநாட்டுச் சம்பந்தம் என்று அம்மா அலுமாரியிலிருந்து நல்ல கோப்பை சோசர் எல்லாம் இறக்கினாள். அவர்கள் கொண்டுவந்த பெரிய பையிலிருந்த இத்தாலிப் பிஸ்கோத்தியை அடுக்கி வைத்தாள். கறுப்பாக, நீளமாக, சரிவாக வெட்டி, ஒரு பக்கம் சொக்லேற்றில் தோய்த்து, இடையிடையே பாதாம் தெரிய, பார்க்கவே ஆசை. உன் அம்மாவின் வீட்டுச் சட்டம் உனக்குத் தெரியும்: விருந்தாளி முன்னால் பிஸ்கற்றைத் தேத்தண்ணீரில் தோய்க்கக் கூடாது. கொன்வென்ற்றில் படித்தவள். நான் ஒரு துண்டை எடுத்துக் கடித்தேன். கல். என் கட்டுப்பல் ஒருமுறை இடம் மாறி வந்தது. பக்கத்தில் நீ கடித்தாய், கண் பிதுங்கியது. அங்காலே சம்பந்தி கடித்தார், கன்னம் ஒரு பக்கமாக வீங்கியது. ஒரு கல்யாணத்தைப் பேசித் தீர்க்க வந்த இரண்டு குடும்பமும் கல்லுடைக்கிற சத்தத்தோடு ஒருவரையொருவர் பார்த்து மரியாதையாகத் தலையாட்டிக்கொண்டிருந்தோம்.

கடைசியில் தர்ஷிகாவின் தாய்க்குத்தான் பொறுக்கவில்லை. "அண்ணை, குறை நினையாதேங்கோ. இதை நீங்கள் எல்லாரும் தோய்க்காமலோ சாப்பிடுறனீங்கள்?" என்று கேட்டார். "அங்க ஒருத்தரும் தோய்க்காமல் சாப்பிடுறேல்லை. நீங்கள் கொழும்பு ஆக்கள் ஸ்ரைலா இருக்கிறியள், நாங்கள் எப்பிடித் தோய்க்கிறதெண்டுதான் பேசாமல் இருந்தனாங்கள்." நான் உன் அம்மாவைப் பார்த்தேன். அவள் முகம் சிவந்து, பிறகு தன்னை அடக்க முடியாமல் வாய்விட்டுச் சிரித்தாள். எத்தனையோ மாதத்துக்குப் பிறகு அந்தச் சிரிப்பைக் கேட்டேன். அந்த நிமிசமே எல்லாக் கையும் கோப்பைக்குள் போனது. உன் கல்யாணம் முற்றானது சாதகத்தால் அல்ல, அந்தத் தோய்ப்பால்தான் என்று நான் இன்றைக்கும் சொல்லுவேன். எனக்கு ஒரு துண்டுதான் அனுமதி. அவர்கள் போன பிறகு அடுப்படியில் பையைத் திறந்து நான் செய்த வேலை அடுத்த நாள் இரத்தச் சீனியில் தெரிந்தது. சிரிப்பு முடிந்து, மறுபடியும் தனித்தனிக் கோப்பை.

அடுத்த சனிக்கிழமை நீ அடுப்படிக்குள் போனாய். தேத்தண்ணீர் ஊற்றத் தெரியாதவன், கம்பியூட்டருக்கு முன்னாலேயே வளர்ந்தவன், ஒரு பையில் குரக்கன் மாவும் கொக்கோத் தூளும் முட்டையும் வாங்கிவந்து, "அம்மா, ஓவன் ஒருக்கால் வேணும்" என்று நின்றாய். தர்ஷிகாவிடம் கேட்டாயாம். பழைய முறையில் அந்தப் பிஸ்கோத்திக்குப் பட்டரே கிடையாது, மாவும் முட்டையும் சீனியும் பருப்பும்தான், கடைக்காரர்தான் ருசிக்காகக் கூட்டுகிறார்கள் என்று அவள் சொன்னாளாம். சீனியையும் குறைத்து, முட்டை மஞ்சளையும் குறைத்து, குரக்கனும் கலந்தால் அப்பாவுக்கு ஆகும் என்று நீ கணக்குப் போட்டு வைத்திருந்தாய். நான் ஹோலில் பேப்பருக்குப் பின்னால் இருந்து எல்லாம் கேட்டுக்கொண்டிருந்தேன். உன் அம்மா, "பட்டர் இல்லாமலோ? சட்டியில இருந்தால்தானே தம்பி அகப்பையில வரும்?" என்றாள். கேக் அன்ரியின் ஓவனுக்குள் பட்டர் இல்லாத ஒன்று போவது அவளுக்குக் குலத்துக்கே இழுக்கு.

முதல் தடவை குரக்கன் கூடிப்போய், வந்தது விசுக்கோத்தே அல்ல. கல்கிசைக் கடற்கரையில் அலைக்குப் போட்டிருக்கிற கல்லில் ஒரு துண்டு. தேத்தண்ணீரில் போட்டால் கோப்பை உடையும். இரண்டாவது தடவை மாவைக் கட்டை மாதிரி உருட்டி ஓவனுக்குள் வைத்தாய், கட்டை தட்டையாகப் பரந்து ரொட்டி ஆனது. வெட்டப் போனால் பொலபொலவென்று உதிர்ந்தது. நீ உதிர்ந்ததில் ஒரு கிள்ளு எடுத்து வாயில் வைத்தாய். "அம்மா, பட்டர் போட்டனீங்களோ?" என்று கேட்டாய். அவள் ஓவன் துணியைக் கையில் வைத்துக்கொண்டு, "ஒரு கரண்டிதான். வெறும் மாவை எப்பிடியடா மனுசருக்குக் குடுக்கிறது? சம்பந்தி வீட்டுக்குத் தெரிஞ்சால் என்ன நினைப்பினம்?" என்றாள். அவளுடைய கை அவளைக் கேளாமலே போட்டிருக்கும். நீ கோபப்படவில்லை. நானாக இருந்தால் தட்டை எறிந்திருப்பேன். நீ அவளைக் கட்டிப்பிடித்து, "அடுத்த முறை நீங்கள் பக்கத்தில நிண்டு பாருங்கோ அம்மா, ஆனால் கையைப் பின்னுக்குக் கட்டிக்கொண்டு நில்லுங்கோ" என்றாய். அந்தப் பொறுமை உனக்கு எங்கேயிருந்து வந்தது என்று எனக்குத் தெரியாது. என் பக்கத்தால் வரவில்லை, நிச்சயம்.

அன்றைக்குப் பின்னேரம் நான் உன்னைப் பல்கனிக்குக் கூப்பிட்டு, "ஏன் மகன் கஷ்டப்படுறாய்? நான் ஒரு கிழவன். எனக்கு ஒரு பிஸ்கற் இல்லாட்டி என்ன குறைஞ்சு போகும்?" என்று பெருந்தன்மையாகச் சொன்னேன். நீ கீழே ரயில் போய் முடியும் வரைக்கும் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுச் சொன்னாய்: "உங்களுக்கு மட்டும் இல்லை அப்பா. நீங்கள் ஆஸ்பத்திரியால வந்த நாளில இருந்து அம்மா ஒரு துண்டுக் கேக் வாயில வைக்கேல்லை. கவனிச்சனீங்களே?" எனக்கு விளங்கவில்லை. கேக் அடிக்கிறவள் ருசி பார்க்காமல் எப்படி அடிப்பது என்று கேட்டேன். "அதுக்குத்தான் ரீச்சர் அன்ரி வாறவ. ஐசிங் சரியோ, சீனி காணுமோ எண்டு அவதான் ருசி பாத்துச் சொல்லுறவ" என்றாய்.

மகன், அந்த ஒரு வார்த்தையில், எத்தனை நாளாக நான் கண்டும் விளங்காமல் விட்டதெல்லாம் எனக்குத் திறந்துகொண்டது தெரியுமா? பிறந்தநாள் வீடுகளில் அவள் கேக் துண்டை ரிசுப் பேப்பரில் சுற்றிக் கைப்பைக்குள் வைத்தது, பிறகு சாப்பிடுவதற்கு அல்ல. தேத்தண்ணீருக்கு அவள் சீனி போடுவதை எப்போது விட்டாள் என்று எனக்குத் தெரியாது. என் முன்னால் இருந்து சாப்பிட்டால் எனக்கு ஆசை வரும் என்று ஒளித்திருந்தால்கூட ஒரு கணக்கு. அவள் ஒளித்தும் சாப்பிடவில்லை. எனக்கு இல்லாதது தனக்கும் வேண்டாம் என்று, எனக்கே சொல்லாமல் இருந்திருக்கிறாள். நான் பாமன்கடையில் முதலையைக் கடித்துக்கொண்டு நின்ற நேரமெல்லாம், இவள் ஊருக்கெல்லாம் கேக் அடித்து வெறும் வாயோடு நின்றிருக்கிறாள். அதையும் நான் அல்ல, நீ கண்டுபிடித்தாய். அன்றைக்கு இரவு சாப்பாட்டுக்குப் பிறகு மருந்துப் பெட்டியைத் தேடி எடுத்தேன். யாரும் சொல்லவில்லை. அம்மா தண்ணீர்க் கிளாசைக் கொண்டுவந்து பக்கத்தில் வைத்தாள்.

அடுத்த சனிக்கிழமை நீங்கள் இரண்டு பேரும் ஒன்றாக நின்றீர்கள். அவள் கையைப் பின்னுக்குக் கட்டியபடி வாயால் வேலை செய்தாள். "கையை நனைச்சுக்கொண்டு உருட்டு, மா ஒட்டாது." "இறக்கினவுடன வெட்டாத, இளஞ்சூடு வரட்டும்." "அந்தக் கத்தி வேண்டாம், பாண் வெட்டுற பல்லுக் கத்தியை எடு." பாதாமுக்குப் பதில் கொஞ்சம் கச்சான், தோடம்பழத் தோலைச் சுரண்டி ஒரு பிடி, ஒரு கரண்டி கோப்பித் தூள். கோப்பி போட்டால் கொக்கோ எழும்பும், குறைத்த சீனி தெரியாது என்பது அவளுடைய யோசனை. கட்டையைச் சரிவாக வெட்டி, துண்டுகளைப் படுக்க வைத்து, நெருப்பைக் குறைத்து இரண்டாம் தரம் ஓவனுக்குள் விட்டீர்கள். வீடு மணந்தது. பட்டர் மணம் அல்ல, அது வேறு மணம், கறுப்பான ஒரு மணம். நாலு மணிக்கு மூன்று கோப்பை ஒரே மேசைக்கு வந்தது. நான் எடுக்கவில்லை. "முதல்ல அம்மா எடுக்கட்டும்" என்றேன். அவள் என்னைப் பார்த்தாள், உன்னைப் பார்த்தாள், விளங்கிவிட்டது. எடுத்து, கொன்வென்ற்றையெல்லாம் மறந்து கோப்பைக்குள் விட்டு, கடித்தாள். அவள் கண் நிறைந்ததற்கு ஓவன் சூடுதான் காரணம் என்று மூன்று பேருமே ஒத்துக்கொண்டோம்.

டொக்டர் பிள்ளையிடம் அடுத்த தரம் போனபோது அம்மா ஒரு டப்பாவில் போட்டுக்கொண்டே போனாள். அது ஒரு துண்டைத் தின்றுபார்த்து, என்னென்ன போட்டது என்று கேட்டு, சீனியில்லாத தேத்தண்ணீரோடு ஓரிரண்டு துண்டுக்குக் குறையில்லை, பெட்டியோடு இருந்துவிடக்கூடாது என்றது. அதன் பிறகு எங்கள் வீட்டுக்கு நாலு மணி திரும்பி வந்தது. நான் வாழ ஆசைப்பட்டதற்கு ஸ்டென்ட் பாதிக் காரணம், மிச்சம் நீ. இதை உன் முகத்துக்கு நேரே சொல்ல எனக்கு வாய் வரவில்லை. கட்டுநாயக்கா எயார்போட்டில் உன் தோளில் தட்டி, "பாஸ்போட்டைக் கவனம்" என்று மட்டும் சொன்னேன். நான் சொல்ல நினைத்தது அதுவல்ல.

இனி நீ போன பிறகு நடந்ததைச் சொல்லுகிறேன். டப்பாவில் நீ விட்டுப்போன பிஸ்கோத்தி தீர்ந்தது. கடைசித் துண்டை இரண்டாக உடைத்து ஆளுக்குப் பாதி தின்றோம். நான், "இஞ்சாரும், நீர் ஒருக்கால் செய்யுமன்" என்றேன். "அவன் வந்து செய்யட்டும். அது அவன்ரை சாமான்" என்று சொல்லிவிட்டு அறைக்குள் போய்ப் படுத்தாள். வந்த ஓடர்களையும் உடம்பு சரியில்லை என்று திருப்பிவிட்டாள். நேற்று நாலு மணிக்குத் தன் கோப்பையை எடுத்துக்கொண்டு அடுப்படிப் பக்கம் திரும்பினாள். அந்த முதுகைக் கண்டதும் எனக்கு விளங்கிவிட்டது: பழைய சுவர் மறுபடியும் எழும்பப் போகிறது, இந்த முறை நடுவில் நிற்க நீ இல்லை.

இன்று காலை அவள் சந்தைக்குப் போன நேரம் நான் அடுப்படிக்குள் போனேன். சிரியாதே. இந்த வயதில் முதல் முறையாக அந்த ஓவனைத் திறந்தேன். உன்னிடம் கேட்கலாம் என்று போனை எடுத்தேன், பிறகு வைத்துவிட்டேன், பேப்பருக்குப் பின்னாலிருந்து கேட்டதெல்லாம் எனக்கு மனப்பாடமாகியிருந்தது. கையை நனைத்தேன். மா ஒட்டாது என்றாள், என் சட்டை வரைக்கும் ஒட்டியது. கட்டை நேராக வரவில்லை, காலி வீதி நடைபாதை மாதிரி ஓரிடம் மேடு ஓரிடம் பள்ளம். அவள் மழையில் நனைந்து வந்து கதவைத் திறந்தபோது முதல் வேக்காடு முடிந்து, நான் இளஞ்சூட்டுக்காகக் கதிரையில் காத்துக்கொண்டிருந்தேன். அவள் வாசலிலேயே நின்றாள். உள்ளே வரவுமில்லை, திட்டவுமில்லை. கையைப் பின்னுக்குக் கட்டிக்கொண்டாள்.

பல்லுக் கத்தியால் சரிவாக வெட்டினேன். கட்டையின் இரண்டு தலைப்பிலும் கோணலாக இரண்டு துண்டு மிஞ்சும், உனக்குத் தெரியும், அடுக்குக்குச் சேராது. நீ அவற்றைத் தட்டில் போட்டு என்னிடம் தருவாய். நான் அலுமாரியைத் திறந்து, பின்னுக்குத் தள்ளிக் கிடந்த நீலப்பூத் தட்டைத் தேடி எடுத்தேன். மற்றத் துண்டுகளோடு அந்தத் தலைப்புகளையும் இரண்டாம் தரம் வாட்டி எடுத்து, அந்தத் தட்டில் வைத்து, இன்னொரு தட்டால் மூடி, மேசையில் அவள் இருக்கிற பக்கத்தில் வைத்தேன். நாலு மணிக்குத் தேத்தண்ணீரும் நானே ஊற்றினேன். அவள் வந்து மூடியைத் திறந்தாள். கனநேரம் பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு ஒரு துண்டை எடுத்துத் தோய்த்து வாயில் வைத்தாள்.

"பட்டர் போட்டனீங்களோ?" என்று கேட்டாள்.

"இல்லை" என்றேன்.

"நல்லாயிருக்கு" என்றாள். மற்றத் துண்டையும் எடுத்தாள். எனக்கு ஒரு கிள்ளுகூடத் தரவில்லை. எனக்கு அவ்வளவு சந்தோசம்.

ஆகவே உனக்கு என் ஒரே புத்திமதி இதுதான். தர்ஷிகா எதை விரும்பிச் சாப்பிடுகிறாள் என்று கவனிப்பது லேசு, எல்லாப் புருசனும் முதல் வருடம் கவனிப்பான். அவள் எதைச் சாப்பிடாமல் விடுகிறாள் என்று பார். அது உனக்கு நல்லாகவே வரும், என்னிடம் படித்ததல்ல. நீ அங்கே பிஸ்கோத்தி போடும்போது தலைப்புத் துண்டுகளை அவளுக்கு வை.

உன் அம்மா மேசையில் இருந்து, யாருக்கு இவ்வளவு நேரமாக எழுதுகிறீர்கள் என்று கேட்கிறாள். சுவருக்கு இந்தப் பக்கம் இருந்துதான் கேட்கிறாள். எனக்கு இரண்டாவது கோப்பையும் ஊற்றியாயிற்றாம். ஆறப்போகிறது, நான் போகிறேன்.

அப்பா